சம்சாத் பேகமும் செத்த வீரனும்

சம்சாத் பேகத்துக்கு நாற்பத்து நாலு வயது. டிரை வெயிட் ஐம்பத்தெட்டு கிலோ. உடம்பில் தேங்கிய தண்ணீரையெல்லாம் இயந்திரம் இழுத்த பிறகு இருக்க வேண்டிய எடை அது. எங்களுக்கு வயதைவிட இந்த எண்தான் முக்கியம். செங்கல்பட்டில் ஒரு சின்ன டயாலிசிஸ் மையத்தில் பதினோரு வருடமாக உதவியாளராக இருக்கிறேன். ஊசி குத்துவதும் இயந்திரத்தைப் பார்ப்பதும் டெக்னீஷியன் ஸ்டான்லியின் வேலை. எடை பார்ப்பது, படுக்க வைப்பது, பிரஷர் பார்ப்பது, வாந்தி எடுத்தால் துடைப்பது என் வேலை.

சம்சாத் பிறந்தது மாமல்லபுரத்தில். அப்பா கடற்கரைக்குப் போகும் வழியில் சங்கு, சிப்பிப் பொருள் விற்றவர். கட்டிக் கொடுத்தது செங்கல்பட்டில், காஜா மொய்தீன் என்பவருக்கு. கோர்ட்டுக்குப் பக்கத்தில் அவருக்கு ஒரு பிரௌசிங் சென்டர் இருந்தது. இப்போது அது ஜெராக்ஸ் கடை. அந்தக் காலத்தில் பள்ளிக்கூடப் பையன்கள் ஒரு மணி நேரத்துக்குக் காசு கொடுத்துவிட்டு, டியூஷன் ஞாபகம் வந்து பாதியில் ஓடுவார்களாம். மிச்ச நேரத்தில் இவள் உட்கார்ந்து ஆடியிருக்கிறாள். பையன்கள் வளர்ந்து வேலைக்குப் போய்விட்டார்கள். இவள் விடவில்லை.

அவள் ஆடுவது ஆன்லைன் விளையாட்டு. அதில் அவளுடைய ஆள் செத்துப்போன ஒரு வீரன். ஒரு கெட்ட ராஜா, போரில் செத்தவர்களைப் புதைகுழியிலிருந்து எழுப்பித் தன் படையில் சேர்த்துக்கொள்கிறான். அதில் சிலர் அவன் பிடியிலிருந்து தப்பித்து அவனுக்கு எதிராகவே திரும்புகிறார்கள். இவளுடைய ஆள் அந்தக் கூட்டம். கறுப்புக் கவசம், நீலமாக எரியும் கண், ஆள் உயரத்துக்கு ஒரு கத்தி. அதற்கு 'மய்யித்து' என்று பெயர் வைத்திருந்தாள். பிணம் என்று அர்த்தம். அவளுடைய நாத்தனார் இதைக் கேட்டு ஒரு மாதம் பேசவில்லை.

இதெல்லாம் எனக்குத் தெரிய வந்ததே ஒரு தகராறில்தான்.

சம்சாத்துக்குச் செவ்வாய், வியாழன், சனி. பிற்பகல் மூன்று முதல் ஏழு வரை. சனிக்கிழமை ஐந்து மணிக்கெல்லாம் ஆரம்பித்துவிடுவாள்.

"யக்கா, எடுத்து உடு. நான் போவணும்."

"இன்னும் ரெண்டு மணி நேரம் கீது."

"அஞ்சரைக்கு அங்க நிக்கணும். மலேசியால எட்டு மணி. இருபத்து நாலு பேரு காத்துகினு கீறாங்க."

அவளுடைய கூட்டத்தில் பாதிப் பேர் மலேசியாக்காரர்கள். சனிக்கிழமை சாயங்காலம் எல்லாரும் சேர்ந்து ஒரு பெரிய அசுரனை அடிக்கப் போவார்கள். முன்னால் நின்று அடி வாங்க ஓர் ஆள் வேண்டும். அது இவள். "நான் இல்லன்னா அது ஒரே அடி, அம்மாம் பேரும் காலி" என்பாள்.

"நீ இப்டி எழுந்து போனா நீ காலி. அவங்களுக்கு வேற ஆளு கெடைப்பான்."

"அதான் யக்கா பயம்" என்று சிரித்துவிட்டு, படிவம் கேட்பாள். 'என் சொந்த விருப்பத்தின் பேரில் முன்கூட்டியே நிறுத்திக்கொள்கிறேன்' என்ற படிவம். கையெழுத்துப் போட்டுவிட்டால் நாங்கள் தடுக்க முடியாது. ஸ்டான்லி ஊசியை எடுத்துவிடுவான்.

மற்ற நாளில் அரை மணி குறைத்தால் ஒப்பேற்றலாம். சனிக்கிழமை குறைக்கக் கூடாது. சனிக்கு அடுத்து செவ்வாய்தான். நடுவில் இரண்டு முழு நாள் தண்ணீரும் பொட்டாசியமும் உள்ளேயே ஏறும். தண்ணீர் நுரையீரலுக்குப் போனால் மூச்சு நிற்கும், பொட்டாசியம் ஏறினால் இதயம் நிற்கும். இதை நான் அவளுக்குப் பலமுறை சொன்னேன். காஜாவிடமும் சொன்னேன். "அவ எங்க கேக்கறா, மேடம்" என்றார் அவர்.

ஒரு சனிக்கிழமை லேப்டாப்பையே கொண்டுவந்தாள். படுக்கையில் இருந்தே ஆடுகிறேன் என்றாள். ஊசி இருந்தது இடது கையில். விளையாட்டின் விசைகளும் இடது கைக்குத்தான். இருபது நிமிடம் கை ஆடாமல் இருந்தது. பிறகு அசுரன் ஏதோ செய்ய, முழங்கையை மடக்கிவிட்டாள். ஊசி நகர்ந்து, அந்த இடம் எலுமிச்சம்பழம் அளவுக்கு வீங்கியது. ஸ்டான்லி லேப்டாப்பை மூடி காஜா கையில் கொடுத்தான்.

"இனிமே இது உள்ள வந்தா நான் வெளிய போயிடுவேன்" என்றான்.

அடுத்த மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை விடியும்போதே காஜா அவளை ஆட்டோவில் கொண்டுவந்தார். படுக்க முடியவில்லை, நிமிர்ந்து உட்கார்ந்தே மூச்சு வாங்கிக்கொண்டிருந்தாள். எடை அறுபத்து நாலு. அவளுக்குக் காலை ஷிப்டில் இடம் கிடையாது. இருந்தாலும் அவசரத்துக்கு வைத்திருக்கும் இயந்திரத்தில் போட்டோம். பக்கத்துப் படுக்கையில் திருவேங்கடம் இருந்தார். திருக்கழுக்குன்றம் பக்கத்து விவசாயி, எழுபத்தொரு வயது, வாய் சும்மா இருக்காது.

அவளுக்கு மூச்சு கொஞ்சம் சீரானதும் அவர் ஆரம்பித்தார். "ஏம்மா பாயம்மா, செத்தவன வெச்சி வெளையாடுறியாமே? சம்பூர்ணம் சொல்லுது" என்று என்னைக் காட்டினார்.

"ஆமா நைனா."

"நானும் முக்காவாசி செத்தவன்தான். என்னையும் சேத்துக்கயேன். சும்மாதானே கெடக்கறேன்."

"உனக்குக் கத்தி தூக்க வருமா?"

"கடப்பாரை தூக்குனவன்மா நானு."

அவளுக்கு இருமலும் சிரிப்பும் ஒன்றாக வந்தது. நான் இருவரையும் அதட்டினேன்.

அன்றைக்கு அவளிடம் காலை ஷிப்டுக்கு மாறச் சொன்னேன். ஏழு மணிக்கு ஆரம்பித்தால் பதினொன்றுக்கு முடிந்துவிடும். சாயங்காலம் யாரை வேண்டுமானாலும் வெட்டிக்கொள்ளட்டும். எங்களிடம் ஒரு நோட்டு இருக்கிறது. காலை வேண்டும் என்பவர்கள் அதில் பெயர் எழுதுவார்கள். காலை இடத்தை யாரும் தானாக விடமாட்டார்கள். வேலைக்குப் போகிறவர்கள், பஸ் பிடிக்கிறவர்கள். ஒருவருக்கு மாற்றுச் சிறுநீரகம் கிடைத்தால் இடம் காலியாகும். இல்லையென்றால் ஒருவர் இறந்தால்.

சம்சாத் சுற்றியிருந்த ஆறு படுக்கையையும் பார்த்தாள்.

"அந்த நோட்ல எம்பேரு எழுதாத யக்கா. யாரு எப்ப போவான்னு பாத்துகினு உக்கார என்னால ஆவாது."

"நீ பாத்தாலும் பாக்கலன்னாலும் போறவங்க போவாங்க."

"எழுதாதன்னா எழுதாத."

அவள் போன பிறகு எழுதினேன். ஐந்தாவது பெயர். மற்ற நால்வருக்கும் அவ்வளவு அவசரமில்லை. டாக்டரிடம் சொல்லி மேலே ஏற்றினேன்.

இரண்டு மாதம் கழித்துத் திருவேங்கடம் வீட்டிலேயே, தூக்கத்தில் இறந்தார். மகன் போன் செய்து சொன்னான். நான் சம்சாத்துக்குப் போன் செய்தேன். "நான்தான் எழுதாதன்னு சொன்னேனே" என்றாள்.

"எழுதிட்டேன். உனக்கு வேணான்னா அடுத்த ஆளு வருவான். படுக்கை காலியா இருக்காது. நீ சாயங்காலத்துலயே இருந்து, மறுபடி அறுபத்து நாலு கிலோவோட வந்தா, உன் எடத்துக்கு இன்னொருத்தர் பேர நான் எழுதணும். எது வேணும், சொல்லு."

"வாயில நல்ல வார்த்தையே வராதா உனக்கு?"

வந்தாள். சனிக்கிழமை, காலை ஏழு மணி, திருவேங்கடத்தின் படுக்கை. ஜன்னல் பக்கம். எனக்கு நிம்மதியாக இருந்தது. பிரச்சினை தீர்ந்தது என்று நினைத்துக் குளித்த தலையை உதறிக் கட்டிக்கொண்டு மற்றவர்களைப் பார்க்கப் போனேன்.

பத்து மணிக்குக் கூப்பிட்டாள்.

"யக்கா, எடுத்து உடு."

"இன்னாத்துக்கு? வெளையாட்டு சாயங்காலம்தானே?"

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"மலேசியால வேற எதுனா மணி அடிச்சுதா?"

"போதும் யக்கா. எடு. படிவம் குடு."

முகத்தைப் பார்த்தேன். வேர்த்திருந்தது. பிரஷர் சரியாகத்தான் இருந்தது. போர்வை மட்டும் கால்மாட்டில் அசைந்துகொண்டே இருந்தது. அதை விலக்கினேன். இரண்டு பாதமும் ஒன்றையொன்று தேய்த்துக்கொண்டிருந்தன. கணுக்காலின் உள்பக்கம் தோல் உரிந்து, சில இடத்தில் காய்ந்து கறுத்திருந்தது. ஒரு நாளில் வந்த புண் அல்ல.

"இது எத்தினி நாளா?"

"ஒரு வருசமா. ரெண்டு, மூணு மணி நேரத்துக்கு அப்புறம் எலும்புக்குள்ள எறும்பு ஊருது. எழுந்து நடந்தா நிக்குது. படுத்தா மறுபடி."

"சொல்றதுக்கு இன்னா கேடு?"

"காலு ஆடுதுன்னு சொன்னா யாரு எடுத்து உடுவா? பொறுத்துக்கம்பீங்க. வெளையாட்டுன்னா, பைத்தியம்னு திட்டிகினே எடுத்து உடறீங்க."

பயிற்சியில் எங்களுக்குச் சொல்லிக்கொடுத்த முதல் பாடம், போர்வையை விலக்கிக் காலைப் பார். முதுகைப் பார். ஒரு வருடமாக நான் அவளுடைய கையையும் எடையையும் கடிகாரத்தையும்தான் பார்த்திருக்கிறேன். விளையாட்டுப் பைத்தியம் என்ற பதில் கிடைத்ததும் கேட்பதை நிறுத்திவிட்டேன். அது என் தப்பு.

ஸ்டான்லியைக் கூப்பிட்டு டாக்டருக்குப் போன் போடச் சொன்னேன். வேறு வழியில்லாமல் அவளுடைய கால்களைப் பிடித்துவிட்டுக்கொண்டே உட்கார்ந்தேன். சும்மா இருக்க வேண்டாமே என்று, "அதுல எத்தினியோ ஆளு இருப்பாங்களே, அந்தச் செத்தவன எதுக்கு எடுத்த?" என்று கேட்டேன்.

"மந்திரவாதி கீறான். வில்லு உடறவ கீறா. வைத்தியம் பாக்கற சாமியாரு கூட கீறாரு, உன்ன மாதிரி. ஆனா இவன் சும்மா நின்னான்னு வெச்சிக்க, உசுரு கொறைஞ்சிகினே வரும். எதையாச்சும் வெட்டிகினே இருந்தாதான் வலி நிக்கும் அவனுக்கு. படிச்சதுமே, அட, நம்ம ஆளுடான்னு எடுத்துகினேன்."

"தூக்கமும் இல்லியா அவனுக்கு?"

"இல்ல. எனக்கும்தான்."

அன்றைக்கு மூன்று மணி நேரம் பத்து நிமிடத்தில் நிறுத்தினோம்.

டாக்டர் ரத்தப் பரிசோதனை எழுதினார். இரும்புச் சத்து தரைமட்டம். அதற்கு ஊசி, இரவில் ஒரு சின்ன மாத்திரை, இயந்திரத்தில் கொஞ்சம் குளிர்ச்சி கூட்டுவது. இந்த நோய்க்காரர்களில் நிறையப் பேருக்கு வருகிற தொல்லைதான், கேட்டால்தான் சொல்வார்கள் என்றார். இதெல்லாம் வேலை செய்ய வாரக்கணக்கில் ஆகும். அதுவரைக்கும் என்ன செய்வது? பிசியோதெரபி அறையில் ஒரு பெடல் இருந்தது. சைக்கிளின் பெடலை மட்டும் வெட்டி ஒரு சட்டத்தில் வைத்தது போல. அதைக் கொண்டுவந்து படுக்கையின் கால்மாட்டில் கட்டினேன். கைதான் அசையக் கூடாது; கால் அசையக் கூடாது என்று எந்தப் புத்தகத்திலும் இல்லை.

"இன்னா யக்கா இது, என்ன ஆட்டோ ஓட்ட சொல்றியா?"

"மிதி. வாய மூடிகினு மிதி."

முதல் நாள் மூன்று மணி நேரம் இருபது நிமிடம். அடுத்த முறை மூன்றரை. அதற்கு அடுத்தது சனிக்கிழமை, எரிச்சலில் பெடலை உதைத்துத் தள்ளிவிட்டு மூன்று மணி நேரத்திலேயே படிவம் கேட்டாள். கொடுத்தேன், கையெழுத்துப் போட்டுப் போனாள். அந்தச் செவ்வாய் எடை அறுபத்து மூன்று. எடை பார்க்கும் மெஷினைக் காட்டினேன், அவ்வளவுதான்.

போன சனிக்கிழமை மூன்றே முக்கால் மணி நேரம் தாண்டியது. சட்டம் கிறீச்சிட்டுக்கொண்டே இருந்தது. பக்கத்துப் படுக்கைக்காரர் எண்ணெய் போடச் சொல்லிப் புலம்பினார்.

"எடுத்து உடு யக்கா. எவ்ளோ கீது?"

"பதினாலு நிமிஷம்."

"சாவடிக்கிற."

"சும்மா கத்தாம சொல்லு. அந்த அசுரன் முன்னாடி எவ்ளோ நேரம் நிப்ப?"

"போன வாரம் பதினோரு நிமிஷம். கடைசில உட்டுட்டோம். வைத்தியக்காரன் ஓடிட்டான்."

"நான் ஓட மாட்டேன். மிதி."

என்னைத் திட்டினாள். காஜாவைத் திட்டினாள். ஸ்டான்லியை, அவன் பிறந்த ஊரை, இயந்திரத்தைச் செய்தவனைத் திட்டினாள். கடைசி ஐந்து நிமிடம் திட்டவும் தெம்பில்லாமல் கண்ணை மூடிக்கொண்டு மிதித்தாள். மணி அடித்தது. முழுதாக நாலு மணி நேரம். எடை ஐம்பத்தெட்டு புள்ளி ஒன்று.

பஞ்சைப் பத்து நிமிடம் அழுத்திப் பிடித்துக்கொண்டு உட்கார் என்றேன். உட்காரவில்லை, அழுத்திக்கொண்டே வாசலுக்கும் படுக்கைக்கும் நடந்தாள்.

செவ்வாய்க்கிழமை தானே நடந்து வந்தாள், அறுபது கிலோவோடு. மூச்சு வாங்கவில்லை. மூன்று மணி நேரம் ஐம்பது நிமிடத்தில், "யக்கா, எடுத்து உடு" என்றாள். நான் திரும்பிப் பார்க்கவில்லை. பெடல் சத்தமும் நிற்கவில்லை.