நொறுங்கிய முழங்கால்

நான் அமெரிக்கன் ஃபுட்பாலில் சம்பளத்துக்கு ஆடத் தொடங்கிய முதல் வருடமே, லண்டனில் நடந்த ஓர் ஆட்டத்தில் எதிரணி வீரன் ஒருவன் மோதி என் முழங்கால் நொறுங்கியது. இனி ஆடவே முடியாது என்று அங்குள்ள மருத்துவமனையில் டாக்டர் சொன்னபோது செத்துவிடலாம் போலிருந்தது. சுவரைப் பார்த்தபடியே படுத்துக் கிடந்தேன்.

அம்மா வந்தார். "உன்னை இடிச்ச பெடியன் காலமை துவக்கம் வெளியில நிக்கிறான். ஒண்டும் சாப்பிடேல்லை. கூப்பிடட்டோ?"

"வேண்டாம், போகச் சொல்லுங்கோ!" என்று கத்தினேன்.

அவனுக்குத் தமிழ் தெரியாது. என் குரலே போதுமானதாக இருந்திருக்கும். கதவருகே வந்து நின்று தேம்பி அழுதான். இனித் தானும் ஆடப்போவதில்லை என்று ஆங்கிலத்தில் சொன்னான்.

சுவரை விட்டு அவன் பக்கம் திரும்பினேன். "நீயாவது ஆடு" என்று ஆங்கிலத்திலேயே சொன்னேன்.

என் துக்கம் இன்னும் ஆறவில்லை. ஆனாலும் அவன் ஆடும் நாட்களில் டிவியை அணைக்க எனக்கு மனம் வருவதில்லை.