நாலாவது சுஷி

நான் கட்டியதை முதலில் சொல்லிவிடுகிறேன். நாகலூரில் மண் சுவர் வீட்டை இடித்து ஓட்டு வீடு, பிறகு அதையும் இடித்து மாடி வீடு. சிங்கப்பூரில் ஜூரோங் கப்பல் பட்டறை வாசலில் ஒரு சாப்பாட்டுக் கடை. அதற்குப் பிறகு ஒரு ஜப்பான் கம்பெனியின் தொழிற்சாலைக்குள் கேன்டீன், ஒரே நேரத்தில் அறுநூறு பேர் உட்கார்ந்து சாப்பிடுகிற கேன்டீன். அதில் வேலை செய்ய நாகலூர், கிளியூர், குப்பனூர் என்று நம் பக்கத்திலிருந்தே பதினாலு ஆட்கள். இத்தனைக்கும் நான் மூன்றாம் வகுப்பைத் தாண்டாதவன். எங்கள் மலையில் காப்பி எஸ்டேட் பங்களா சமையல்கட்டில் அடுப்புச் சாம்பல் அள்ளியவன். சம்பள நாளில் கணக்கெழுதுகிற ரைட்டர் என் பேரை ஒவ்வொரு தடவையும் தப்பாக எழுதுவார். படித்த மூன்று வகுப்பும் மறந்து, தப்பு என்று சொல்வதற்கு எனக்கு எழுத்துத் தெரியாது. பொட்டலம் கட்டிவந்த பேப்பரைக் கூட்டிக் கூட்டிப் படித்து, கடையில் உட்கார்ந்தே எழுத்துப் பழகினேன். இந்தக் கட்டுரையும் என் கையால் எழுதுவதுதான்.

கையைப் பற்றித்தான் சொல்ல வந்தேன். சிங்கப்பூர் போன முதல் வாரத்தில் காப்பிக்கடைச் சீனர் ஒருவர் இடது கையால் கோப்பையை நீட்டினார். நான் வாங்காமல் நின்றேன். அவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, சூடு தாங்கமாட்டேன் என்று நினைத்து, கோப்பைக்குக் கீழே ஒரு தட்டு வைத்து மறுபடியும் அதே கையால் நீட்டினார். அன்றைக்குக் காப்பி குடிக்காமலே வேலைக்குப் போனேன். நம் பேச்சில் வலது கைக்குப் பேரே சோத்தாங்கை. மற்றதற்குப் பேர் பீச்சாங்கை. ஏன் அந்தப் பேர் என்று யாருக்கும் விளக்கவேண்டியதில்லை. அதனால் சொந்தமாகக் கேன்டீன் வைத்தபோது ஒரு சட்டம் போட்டேன். பரிமாறுகிறவன் பீச்சாங்கையை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொள்ள வேண்டும். மறந்து முன்னால் கொண்டுவந்தவனை அன்றைக்கே பாத்திரம் கழுவ அனுப்பிவிடுவேன்.

இந்தச் சட்டத்தில் முதலில் மாட்டியது என் மனைவி ரோசி. அவள் பிறவியிலேயே இடது கைக்காரி. சாப்பிடுவதை மட்டும் அவள் அம்மா அடித்து அடித்து வலது கைக்கு மாற்றிவிட்டாள். மற்ற வேலைக்கெல்லாம் இடது கைதான் முந்தும். எஸ்டேட்டில் அவள் காப்பிப் பழம் பறிப்பதை நான் பார்த்திருக்கிறேன். இடுப்பில் கூடையைக் கட்டிக்கொண்டு, இரண்டு கையும் இரண்டு கிளையில் ஓடும். மற்ற பெண்கள் ஒரு கையால் கிளையை வளைத்து ஒரு கையால் பறிப்பதற்குள் இவள் அடுத்த செடிக்குப் போய்விடுவாள். ரைட்டர் கூடையை நிறுத்துவிட்டு, கல்லு கில்லு போட்டிருக்கியா என்று கேட்பார். அப்படிப்பட்டவளைச் சிங்கப்பூருக்கு அழைத்துக்கொண்டு போய்ப் பின்கட்டில் அரிசி கழுவவும் காய் அரியவும் வைத்தேன். முன்னால் வரவிட்டதில்லை. அது சரி என்றுதான் அன்றைக்கு நினைத்தேன்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அந்தக் கம்பெனி பழைய தொழிற்சாலையை மூடப்போவதாகச் சொன்னது. புதிதாக ஒன்று கட்டினார்கள். அதற்குள் கேன்டீன் எனக்கா, லிம் என்ற சீனருக்கா என்பதுதான் கேள்வி. கிடைக்காவிட்டால் என் பதினாலு பேருடைய பர்மிட்டும் போய்விடும். எல்லோரும் மலைக்குத் திரும்பி எஸ்டேட் வாசலில் நிற்க வேண்டியதுதான். முடிவெடுக்கிறவர் ஹிராத்தா என்ற மேனேஜர். அவர் எங்கள் இருவரையும் குடும்பத்தோடு ஒசாகாவுக்கு அழைத்துப்போனார். தலைமைத் தொழிற்சாலையின் சமையல்கட்டைச் சுற்றிக் காட்டினார். மூன்றாம் நாள் காலையில் மீன் சந்தைக்கு மேலே ஒரு மாடிக்குக் கூட்டிப்போய், வெளியூரார் சுஷி செய்து பழகுகிற வகுப்பு இது, சும்மா வேடிக்கைக்குத்தான் என்றார். சொல்லிவிட்டுப் பையிலிருந்து நோட்டை எடுத்தார்.

லிம் என் பக்கம் சாய்ந்து மலாயில் கேட்டார்: "வேடிக்கைக்கு நோட்டு எதுக்கு?"

இது பரீட்சை என்று எனக்கு அப்போதே புரிந்தது. மேசை மேல் மரப்பலகை, கத்தி, ஒரு சின்னத் தொட்டியில் காடி கலந்த சோறு, தட்டில் வரிசையாக அரிந்து வைத்த பச்சை மீன். சொல்லிக்கொடுப்பவர் என்னைவிட மூத்தவர், தலையில் வெள்ளைத் துணி. ஒரு தரம் செய்து காட்டினார். அதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது; கை எங்கே போனது, எங்கே வந்தது என்றே தெரியவில்லை. ஆளுக்கு மூன்று உருட்டி வைக்க வேண்டும், ஹிராத்தா சாப்பிட்டுப் பார்ப்பார். மொழிபெயர்க்க வந்த பெண் லிம் பக்கத்தில் நின்றாள். என் பக்கம் வந்த பெரியவர் மீனைக் காட்டி, "ஹிதாரி" என்றார்.

நான் கேட்டது 'இத அரி'.

தமிழ் தெரிந்த மாதிரியே சொன்னார் என்று நினைத்தேன். கத்தியை எடுத்து மீன் துண்டைக் குறுக்கே அரிந்தேன். அவர் கண்ணை மூடித் திறந்தார். இன்னொரு துண்டை என் முன்னால் வைத்து, இன்னும் அழுத்தி, "ஹிதாரி, ஹிதாரி" என்றார். சரி, பொடிசாக அரியச் சொல்கிறார் போலிருக்கிறது என்று அதை நாலாக அரிந்தேன். ஹிராத்தா எதையோ நோட்டில் எழுதினார். லிம்முடைய தட்டில் முதல் சுஷி ஏறிவிட்டது.

பின்னால் பெஞ்சில் உட்கார்ந்திருந்த ரோசி எழுந்து வந்தாள். "ஏனுங்க, அரியச் சொல்லலீங்க. அவரு கையைப் பார்த்துட்டுதானுங்க இருந்தேன். மீனைப் பீச்சாங்கையில எடுக்கச் சொல்றாருங்க. சோத்தைத்தான் சோத்தாங்கையில எடுக்கோணும்."

"சோறு படற எடத்துல அந்தக் கையா? நீ சும்மா இரு."

"இருபத்தொரு வருசமா சும்மாதானுங்க இருக்கறேன்."

அவள் சொன்னதை அப்போது காதில் வாங்கவில்லை. ஹிதாரி என்றால் ஜப்பான் மொழியில் இடது என்பதும் பிறகுதான் தெரிந்தது. என் கைத்திறமை எனக்குத் தெரியாதா? ஆயிரக்கணக்கான களி உருண்டை பிடித்த கை. இடது கையை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு, வலது கையைத் தண்ணீரில் நனைத்து, சோற்றை அள்ளி ஓர் அழுத்து அழுத்தி, மேலே மீனை ஒட்டிவைத்தேன். பார்க்க ஒழுங்காகத்தான் இருந்தது. பெரியவர் அதை எடுத்து அரை முழ உயரத்திலிருந்து பலகையில் போட்டார். 'டொக்' என்றது. அவர் செய்துவைத்ததில் ஒன்றை எடுத்து இரண்டு விரலால் லேசாக அமுக்கினார். சோறு பூவாகப் பிரிந்தது. திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். லிம்முடைய தட்டில் இரண்டாவது ஏறிவிட்டது.

அப்போது ஹிராத்தா ரோசியைக் காட்டி, மொழிபெயர்க்க வந்த பெண்ணிடம் ஏதோ கேட்டார். அவள் இங்கிலீஷில் சொன்னாள், உங்கள் சமையல்கட்டில் இந்த அம்மா யார்?

இந்த இடத்தை வாசிக்கிறவர்கள் நிதானமாக வாசிக்க வேண்டும். உண்மையைச் சொன்னால் அரிசி கழுவுகிறவள். மனைவி என்று மட்டும் சொன்னால் அவள் பெஞ்சுக்குத் திரும்பிப் போக வேண்டும், நான் தோற்க வேண்டும், பதினாலு பேர் பெட்டி கட்ட வேண்டும். அவளே என் ஆளாக நின்று செய்யலாமா என்றால், கைதான் குறுக்கே நின்றது. அவள் எனக்கு எத்தனையோ வருசமாகச் சமைத்துப் போட்டவள். ஆனால் என் சட்டத்தை நானே நாலு பேர் முன்னால், அதுவும் வெள்ளைத் துணி கட்டிய ஒரு பெரியவர் முன்னால் உடைக்க வேண்டும். லிம் மூன்றாவது சோற்றை அள்ளிக்கொண்டிருந்தார்.

"ஹெட் குக்," என்றேன்.

சொல்லிவிட்டு, சமையலுக்காக வேட்டைக்கு மேல் கட்டியிருந்த துணியை அவிழ்த்து அவளிடம் கொடுத்தேன். "என்னுங்க இது?" என்றாள் மெதுவாக. "கட்டிக்க சாமி, நேரமில்லை," என்றேன். பிள்ளைகளைக் கூப்பிடுகிற வார்த்தை அது. பதற்றத்தில் வந்துவிட்டது.

அவள் கையை நனைத்து ஒரு தட்டுத் தட்டினாள். வலது கை சோற்றுக்குப் போனது, அம்மா அடித்துப் பழக்கிய கை. இடது கை மீனுக்குப் போனது, கடவுள் கொடுத்த கை. இரண்டும் ஒரே நேரத்தில் போய் ஒரே நேரத்தில் வந்தன. காப்பிச் செடி முன்னால் பார்த்த அதே ஓட்டம். முதல் சுஷி கொஞ்சம் பெரிதாக வந்தது. பெரியவர் கிட்டே வந்து, அவள் சுண்டு விரலை மட்டும் லேசாகத் தள்ளிவைத்தார். இரண்டாவது அச்சாக வந்தது. மூன்றாவதைப் பெரியவர் பார்த்துவிட்டு லிம் பக்கம் நகர்ந்துவிட்டார். அதற்கு மேல் சொல்லிக்கொடுக்க ஒன்றுமில்லை என்று அர்த்தம்.

தட்டில் மூன்று இருந்தன. கணக்கு முடிந்தது. நான் விட்டிருக்கலாம். ஆனால் பொய் சொல்லி ஒருத்தியை ஹெட் குக் ஆக்கியவன் அவளிடம் வேலை கற்றுக்கொள்ளாமல் நின்றால் அது பொய்யாகவே போய்விடும். முதுகுக்குப் பின்னால் இருந்த கையை எடுத்தேன். ரோசி என்னைப் பார்த்தாள். "நொம்ப அமுக்காதீங்க. கோழிக்குஞ்சைப் புடிக்கற மாதிரி புடீங்க," என்றாள். பீச்சாங்கையில் மீனை எடுத்தேன். சில்லென்று இருந்தது. ஆகாது என்று ஐம்பது வருசம் தள்ளிவைத்திருந்த கை அது. சோற்றை வைத்து, புரட்டி, தட்டில் வைத்தேன். ஒரு பக்கம் சாய்ந்திருந்தது. ஆனால் உடையவில்லை.

ஹிராத்தா லிம்முடைய மூன்றையும் சாப்பிட்டார். அப்புறம் எங்கள் தட்டை எடுத்துக்கொண்டார். மூன்று சாப்பிட்டார். நாலாவதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். என்னைப் பார்த்தார். அதையும் வாயில் போட்டுக்கொண்டார். பதினைந்து நாள் கழித்துச் செய்தி வந்தது. புதிய கேன்டீன் எங்களுக்கு. என் பதினாலு பேரில் ஒருவர்கூட மலைக்குத் திரும்பவில்லை. ரோசி முன்கட்டுக்கு வந்தாள். முதுகுக்குப் பின்னால் கை வைக்கிற சட்டத்தை நானே எடுத்தேன்.

இப்போது ஊருக்கு வந்திருக்கிறேன். குப்பனூர் வழியாகப் பஸ் மேலே ஏறி, குளிர் முகத்தில் பட்டதும், இந்த இடது கை தானாகவே முதுகுக்குப் பின்னால் போய்விடுகிறது. பந்தியில் உட்கார்ந்தால் மடியில் கிடக்கிறது, யாரோ தெரியாத ஆளுடைய கை மாதிரி. சிங்கப்பூரில் அது சோறு போடுகிறது. இங்கே அதற்கு வேலை இல்லை.

வந்த இடத்தில் ஊர்த் திருவிழா மலரைக் கொடுத்தார்கள். அதில் ரோசியைப் பற்றி இரண்டு பக்கம், படத்தோடு. நன்றாக எழுதியிருக்கிறார்கள். ஒசாகா மாடி, மீன், மூன்று சுஷி எல்லாம் இருக்கிறது. என்னைப் பற்றி இருப்பது 'உடன் சென்ற கணவர்' என்ற மூன்றே வார்த்தை. அவள் பெருமையில் எனக்குப் பங்கு வேண்டாம், அந்த மூன்றும் அவளுடையதுதான். ஆனால் தட்டில் நாலு இருந்தது. அடுத்த மலரில் அதைத் திருத்திப் போடுங்கள். நாலாவது, சாய்ந்திருந்தது, இடது கையால் செய்தது, என்னுடையது. பேரை மட்டும் தப்பில்லாமல் எழுதுங்கள்; எழுத்துத் தெரியும் எனக்கு, பார்ப்பேன்.