லூபாவின் நான்காவது படம்

போன ஞாயிறு மகள் நீச்சல் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குசினியில் வெங்காயம் வெட்டினாள். கண் எரியாதாம். எனக்குச் சிரிப்பு வந்தது. பின்னாலேயே லூபாவின் நினைப்பும் வந்தது.

லூபா ரஷ்யாக்காரி. கதை வசனம் எழுதிப் படம் எடுக்கிறவ. முதல் இரண்டு படங்களுக்கும் ஊரில் நல்ல பேர். மூன்றாவது மேலிடத்தில் யாருக்கோ பிடிக்காமல், திரைக்கே வரவில்லை. பிறகு பத்து வருசம் தொலைக்காட்சித் தொடர்களுக்கு வசனம் எழுதிக் காலம் தள்ளியிருக்கிறா. நாற்பத்தைந்து வயதில், மெல்பேர்னில் ஒரு சின்னப் படம் எடுக்க வாய்ப்புக் கிடைத்து வந்தா. இதெல்லாம் வான் வண்டியில் என் பக்கத்தில் இருந்து அவவே சொன்னது. அந்தப் படப்பிடிப்புக்கு வான் ஓடினவன் நான். இரண்டு பேருடையதும் தட்டுத்தடுமாறும் இங்கிலிஷ் என்றபடியால் ஒருவரையொருவர் நன்றாக விளங்கிக்கொண்டோம்.

இரண்டாயிரத்துப் பதினொன்று என்று நினைவு. படகில் வந்து, விசா முடிவுக்காகக் காத்திருந்த காலம். மெல்பேர்னின் நோபல் பார்க் பகுதியில் கணேசண்ணையோடு ஒரே அறையில் இருந்தேன். மனைவியும் மகளும் வவுனியாவில்.

ஒருநாள் உணவகக் குசினிக் காட்சி. சமையல்காரராக நடிக்க வேண்டியவர் வரவில்லை. லூபா என்னைப் பார்த்தா.

"வெங்காயம் வெட்டத் தெரியுமோ?"

"ஓம்" என்று தமிழிலேயே சொல்லிவிட்டேன்.

"நடிக்க வேண்டாம். வெட்டும்."

வெட்டினேன். வெங்காயத்தால் வந்த கண்ணீர்தான். இடையில் மகளின் நினைப்பு வந்து அது வேறு கண்ணீராகிவிட்டது. கமெரா முகத்துக்குக் கிட்ட வந்ததைக் கூட நான் கவனிக்கவில்லை. முடிந்ததும் லூபா வந்து என் தோளில் தட்டினா. அன்று முழுக்க எனக்குத் தலைக்கனம் கொஞ்சம் ஏறித்தான் இருந்தது.

வீட்டுக்கு வந்து கணேசண்ணையிடம் பெருமையாகச் சொன்னேன். அவர் சாப்பாட்டுக் கோப்பையைக் கீழே வைத்தார்.

"உனக்கென்ன விசரே? உன்ர முகத்தை அங்க ஆமிக்காரர் ஆரும் கண்டா, மனுசி பிள்ளையிட்டத்தானே போய் நிப்பாங்கள்?"

மூன்று நாள் சோறு இறங்கவில்லை. நாலாம் நாள் வானை ஓரம் கட்டிவிட்டு லூபாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

"படத்திலயே நல்ல காட்சி அதுதான்," என்றா. பிறகு, "முழுப் படம் ஒண்டையே என்னட்ட இருந்து பறிச்சவங்கள். ஒரு காட்சியை நானாக் குடுத்தா என்ன?"

அந்த முகம் இல்லாவிட்டால் படமே இல்லை என்று தயாரிப்பாளர் சண்டை பிடித்ததாகப் பிறகு அறிந்தேன்.

ஒரு சின்னத் திரையரங்கில் முதல் காட்சி. லூபா மீது நம்பிக்கை இல்லாமல் இல்லை. ஆனாலும் கதிரை நுனியில்தான் இருந்தேன். குசினி வந்தது. பலகையில் இரண்டு கைகள் வெங்காயம் வெட்டின. ஒரு துளி பலகையில் விழுந்தது. அவ்வளவுதான்.

பக்கத்தில் இருந்த கணேசண்ணை காதுக்குள் சொன்னார்: "உந்தக் கையை உன்ர மனுசிதான் கண்டுபிடிப்பா. வேற ஒருத்தராலயும் ஏலாது."

அப்போதுதான் கதிரையில் சாய்ந்தேன்.

படம் பெரிதாக ஓடவில்லை. லூபா ஊருக்குத் திரும்பிப் போனா. எனக்கு விசா வந்து, குடும்பமும் வந்து சேர்ந்த பிறகு ஒருநாள், ஐந்தாவது படம் எடுப்பதாக மின்னஞ்சல் போட்டிருந்தா. அன்றைக்குத்தான் அவவின் படத்தைக் கெடுத்துவிட்டேனோ என்ற மனப்பாரம் முழுதாக இறங்கியது.

அந்தத் திரையரங்கு இப்போது இல்லை, மாடிக் குடியிருப்பு. கணேசண்ணை வெரிபீயில் வீடு கட்டிப் போய்விட்டார். யாராவது படம் எடுத்தால் தூணுக்குப் பின்னால் ஒதுங்குகிற என் பழக்கமும் எப்போது போனதென்று தெரியவில்லை. போன மாதம் ஒரு கல்யாண வீட்டில் போட்டோக்காரப் பெடியன் சொன்னான்:

"அங்கிள், கொஞ்சம் பின்னுக்கு நில்லுங்கோ. மற்ற ஆக்களும் தெரிய வேணும்."