எல்லைக்குள் இருந்த மூன்று எண்கள்

எங்கள் தெருவில் யாருக்கு இரத்தப் பரிசோதனை நடந்தாலும் ரிப்போர்ட் முதலில் என் வீட்டுக்குத்தான் வரும். டாக்டரிடம் போவதெல்லாம் பிறகு. நான் டாக்டரும் இல்லை, கம்பவுண்டரும் இல்லை. ஆவடியில் பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலை ஒன்றில் முப்பத்து நான்கு வருடம் அளவு பார்க்கும் பிரிவில் இருந்தவன். இயந்திரத்திலிருந்து இறங்கும் உதிரிபாகம் வரைபடத்தில் சொன்ன அளவில் இருக்கிறதா என்று பார்ப்பேன். இருந்தால் பச்சை, இல்லாவிட்டால் சிவப்பு. வேலை அவ்வளவுதான். ஓய்வு பெற்று, குவார்ட்டர்ஸைக் காலி செய்து, அம்பத்தூர் பக்கம் மேனாம்பேட்டில் கட்டிய வீட்டுக்குக் குடிவந்தபோது அந்தப் பச்சைப் பேனாவும் கூடவே வந்துவிட்டது.

ஆரம்பித்து வைத்தவர் எதிர்வீட்டு ஆட்டோக்காரர். ஒரு நாள் காலையில் இரண்டு தாள்களை நீட்டி, "அண்ணாத்தே, இதுல இன்னா போட்டுக்கீதுன்னு பாரு. எல்லாம் இங்கிலீஷா கீது" என்றார். வாங்கிப் பார்த்தேன். எனக்கு அது புதிதாகவே தெரியவில்லை. இடது பக்கம் பெயர், நடுவில் அளந்த எண், வலது பக்கம் குறைந்தபட்சமும் அதிகபட்சமும். ஆயுள் முழுக்க இதைத்தானே பார்த்துக்கொண்டிருந்தேன்? எல்லைக்குள் இருந்த எண்களுக்கெல்லாம் பச்சை டிக் போட்டேன். கொழுப்பு ஒன்று மட்டும் தாண்டியிருந்தது. அதற்குச் சிவப்பில் ஒரு வட்டம் போட்டு, "இதை மட்டும் டாக்டர்கிட்ட காட்டுங்க" என்றேன். டாக்டரும் அதையேதான் சொன்னாராம். அன்றோடு என் பேர் தெரு முழுக்கப் பரவிவிட்டது.

அதன் பிறகு மாவு மில் நடத்துகிறவர், மூன்றாவது வீட்டு டீச்சர், ரேஷன் கடையில் வேலை பார்க்கிற பெண் என்று வரிசையாக வந்தார்கள். "பச்சை போட்டுக் குடுங்க சார்" என்பார்கள். போட்டுக் கொடுத்தால் முகம் மலர்ந்து போவார்கள். எனக்கும் உள்ளுக்குள் குளிர்ந்துதான் போனது, அதை மறைப்பானேன். என் மனைவி மட்டும் உதட்டைச் சுழித்து, "வாசல்ல ஒரு போர்டு மாட்டிடலாமா?" என்று கேட்பாள்.

அவள் நூம்பல் கிராமத்தில் பிறந்தவள். அவளைப் பெற்றவர்கள் அடுத்தவர் வயலில் கூலி வேலை செய்தவர்கள். உடம்புக்கு முடியவில்லை என்று சொன்னால் அன்றைய வேலை போய்விடும் என்கிற வீட்டில் வளர்ந்ததாலோ என்னவோ, அவள் எதையும் ஒரு தடவைக்கு மேல் சொல்ல மாட்டாள். முட்டி வலியைக்கூட ஒரு தடவைதான் சொன்னாள். பக்கத்து கிளினிக் டாக்டர் ஒரு மாத்திரை எழுதிக் கொடுத்தார். வலி சட்டென்று நின்றது. சர்க்கரையும் உள்ளவள் என்பதால் இரத்தமும் எடுத்துப் பார்த்தோம். கிரியாட்டினின் என்று ஒன்று உண்டு. சிறுநீரகம் எப்படி வேலை செய்கிறது என்பதைக் காட்டுவது. அது பூஜ்யம் புள்ளி ஏழு. அதிகபட்சம் ஒன்று புள்ளி இரண்டு. பச்சை.

நான்கு மாதம் கழித்து மறுபடி பார்த்தபோது பூஜ்யம் புள்ளி ஒன்பது. அதுவும் பச்சை. மாத்திரை தீர்ந்தபோதெல்லாம் அதே சீட்டை மருந்துக் கடையில் நீட்டி நானே வாங்கி வந்தேன். ரிப்போர்ட் பாஸ் ஆகிவிட்டதே, இதற்காக ஒரு டாக்டரை எதற்குத் தொந்தரவு செய்ய வேண்டும் என்பது என் கணக்கு.

இன்னும் நான்கு மாதம் கழித்து மூன்றாவது தடவை போகும்போது எங்கள் பக்கத்து லேப் மூடிக் கிடந்தது. கொரட்டூர் ஸ்டேஷன் பக்கம் வேறொரு லேபில் கொடுத்தோம். சாயங்காலம் தாளை வாங்கிப் பார்த்தால் ஒன்று புள்ளி ஒன்று. பேனாவின் மூடியைத் திறந்துவிட்டேன். அப்போதுதான் வலது பக்கத்தைக் கவனித்தேன். அதிகபட்சமும் ஒன்று புள்ளி ஒன்று. பழைய லேபில் ஒன்று புள்ளி இரண்டு, இங்கே ஒன்று புள்ளி ஒன்றா? ஒரே பாகத்துக்கு இரண்டு வரைபடமா? எங்கள் தொழிற்சாலையில் இப்படி நடந்திருந்தால் இரண்டு பேராவது மெமோ வாங்கியிருப்பார்கள்.

கோபம் தலைக்கேறிவிட்டது. கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் இருந்த டெக்னீஷியன் பெண்ணிடம் போய், "உங்க மெஷினை யார் சரிபார்த்தது? எப்போ?" என்று கேட்டேன்.

அவள் பதறவே இல்லை. "தினமும் காலையில பார்க்கிறோம் சார். அளவு ஏற்கெனவே தெரிஞ்ச ஒரு சாம்பிளை ஓட்டிப் பார்த்துட்டுத்தான் உங்க பிளட்டையெல்லாம் போடுவோம்" என்று நோட்டைத் திருப்பிக் காட்டினாள். நாள் தவறாமல் எழுதி, கையெழுத்தும் போட்டிருந்தது. எனக்கு அவள்மேல் மரியாதை வந்துவிட்டது. அது இன்னும் எரிச்சலாக இருந்தது.

"அப்போ லிமிட் ஏன் லேபுக்கு லேப் மாறுது?"

"மெஷின் மாறினா, கெமிக்கல் மாறினா அதுவும் கொஞ்சம் மாறும் சார். நல்லா இருக்கிறவங்க நிறைய பேரோட பிளட்டைப் பார்த்து, அதுல நூத்துக்குத் தொண்ணூத்தஞ்சு பேருக்கு எதுக்குள்ள வருதோ, அதைத்தான் நார்மல்னு போடுறது."

அப்படியென்றால் வரைபடமே கிடையாதா? இந்த அளவில்தான் மனித உடம்பு வேலை செய்யும் என்று யாரோ உட்கார்ந்து கணக்குப் போட்டு வரைந்தது என்றல்லவா நினைத்துக்கொண்டிருந்தேன். மற்ற இரும்புத் தண்டுகளைப் பார்த்து ஒரு தண்டுக்கு அளவு முடிவு செய்வதை நான் எங்கும் கேள்விப்பட்டதில்லை. தெருவில் இத்தனை பேருக்கு நான் போட்ட டிக்கெல்லாம் என்ன? "ஊரில் பலபேர் மாதிரி இருக்கிறீர்கள்" என்று மட்டும்தானா?

"மேடத்தை ஒரு கிட்னி டாக்டர்கிட்ட காட்டிடுங்க சார்" என்றாள் அந்தப் பெண், குரலைத் தாழ்த்தி.

"அதான் லிமிட்டுக்குள்ள இருக்கே?"

"இருக்கு சார். எதுக்கும் காட்டிடுங்க."

அம்பத்தூரில் இருந்த சிறுநீரக மருத்துவரிடம் போனோம். உண்மையைச் சொன்னால் நான் மனைவியைக் காட்டப் போகவில்லை, எந்த லேபின் எல்லை சரி என்று தீர்ப்புக் கேட்கத்தான் போனேன். ரிப்போர்ட்டையெல்லாம் மருந்துச் சீட்டோடு ஃபைலில் தேதி வாரியாக அடுக்கி வைத்திருந்தேன். மருத்துவர் ஐம்பது வயது தாண்டிய அம்மா. நான் பேசி முடிக்கும் வரைக்கும் பொறுமையாகக் கேட்டார். பிறகு ஒரு துண்டுத் தாளில் மூன்று எண்களை மட்டும் பக்கத்தில் பக்கத்தில் எழுதினார். பூஜ்யம் புள்ளி ஏழு. பூஜ்யம் புள்ளி ஒன்பது. ஒன்று புள்ளி ஒன்று.

எல்லையில்லாமல் வெறும் எண்களாக அவற்றை நான் அதுவரை பார்த்ததில்லை. கடைசல் இயந்திரத்தில் வெட்டும் முனை தேய ஆரம்பித்தால் பாகத்தின் அளவு இப்படித்தான் ஏறும். ஒவ்வொன்றும் எல்லைக்குள்தான் இருக்கும். ஆனால் மூன்றாவதைப் பார்த்ததுமே நான் இயந்திரத்தை நிறுத்தச் சொல்லிவிடுவேன். அதற்காக எத்தனை ஷிஃப்ட் சூப்பர்வைசர்களோடு சண்டை போட்டிருக்கிறேன். அந்த நான்தான் இங்கே இரண்டுக்கு டிக் போட்டு, மூன்றாவதற்கும் பேனாவைத் திறந்து, கையோடு மாத்திரையும் வாங்கிக் கொடுத்திருக்கிறேன்.

"ரெண்டு லேப் வேற வேற மெஷின்தானே டாக்டர்? அந்த வித்தியாசமா இருக்கலாம் இல்லையா?" என்றேன். கெஞ்சுகிற மாதிரிதான் கேட்டிருப்பேன்.

"கொஞ்சம் அப்படியும் இருக்கலாம்" என்றார். "இவங்க ஒல்லியான உடம்பு. நல்ல கட்டுமஸ்தான ஆளுக்கு ஒன்னு புள்ளி ஒன்னு வேற, இவங்களுக்கு வேற. அந்த முட்டி வலி மாத்திரை கிட்னியைப் பாதிக்கும். எத்தனை நாள் சாப்பிட்டாங்க?"

"எட்டு மாசம்."

"சீட்டுல பத்து நாளைக்குன்னு எழுதியிருக்கே."

எழுதியிருந்தது. என் கண்ணில் படாத ஒரே எண் அதுதான்.

அப்புறம் அவர் என்னை விட்டுவிட்டு அவள் பக்கம் திரும்பி, "காலில் வீக்கம் இருக்காம்மா?" என்று கேட்டார்.

"அதெல்லாம் இல்ல டாக்டர்" என்றேன் நான், வழக்கம்போல முந்திக்கொண்டு.

"கீது டாக்டர்" என்றாள் அவள். "சாயங்காலமானா செருப்பு ஏற மாட்டேங்குது. ரெண்டு படி ஏறினா மூச்சு வாங்குது. மொகம்கூட காலைல உப்பிக்கினு கீது."

நான் திரும்பி அவள் காலைப் பார்த்தேன். செருப்பின் வாரை அவிழ்த்து விட்டிருந்தாள். எப்போதிலிருந்து இப்படி அவிழ்த்துவிட்டு நடக்கிறாள் என்று எனக்குத் தெரியவில்லை.

"என்கிட்ட ஏன் சொல்லல?"

"சொன்னேனே. நீங்க தாளைப் பார்த்துட்டு, ஒண்ணும் இல்லேன்னீங்க. சரி, ஒண்ணும் இல்ல போலன்னு நெனச்சிக்கினேன்."

அவள் அதைக் குற்றமாகச் சொல்லவில்லை. அவள் உடம்பைப் பற்றி அவளைவிட எனக்குத் தெரியும் என்று நிஜமாகவே நம்பியிருக்கிறாள். தெருக்காரர்கள் நம்பியது எனக்குப் பெருமையாக இருந்தது. இவளும் நம்பினாள் என்று தெரிந்ததும் ஃபைலை மூடிவிட்டேன்.

மாத்திரையை அன்றே நிறுத்தினோம். மருத்துவர் வேறு சில பரிசோதனைகள் எழுதினார். ஒரு மாதம் கழித்து அதே லேபில் பார்த்தபோது ஒன்று புள்ளி பூஜ்யம் வந்தது. குறைந்திருக்கிறது என்று சந்தோஷப்படலாமா? ஒரே பொருளை ஒரே கருவியில் இரண்டு தடவை அளந்தாலே இவ்வளவு வித்தியாசம் வரலாம் என்று எனக்குத் தெரியும். தெரிந்து தொலைத்ததால்தான் தூக்கம் வரவில்லை. மாத்திரையால் வந்ததா, சர்க்கரையால் வந்ததா, வயதா என்று மருத்துவரிடம் கேட்டேன். "மூணுமா இருக்கலாம். பார்க்கலாம்" என்றார். எனக்கு ஏற்பது தெரியும், நிராகரிப்பது தெரியும், திருத்தி எடுத்துவரச் சொல்வதும் தெரியும். இந்தப் பார்க்கலாமை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று யாரும் எனக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. இவ்வளவு படித்தவர் தெரியாது என்கிறார், ஆனாலும் அவரைத்தான் நம்ப வேண்டியிருக்கிறது. எல்லாம் தெரியும் என்று சொன்னவன் நான். என்னை நம்பியதில்தான் இது வந்தது. எவ்வளவு யோசித்தாலும் இது எனக்குப் பிடிபடவில்லை.

அன்று மருத்துவரைப் பார்த்துவிட்டு வெளியே வந்து பஸ்ஸுக்கு நின்றோம். மாத்திரை இல்லாததால் முட்டி வலி திரும்பி வந்திருந்தது. ஸ்டாப்பில் இருந்த கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"இன்னா சொன்னாங்க? நல்லா ஆய்டுமா?" என்று கேட்டாள்.

நல்லாகிவிடும் என்று சொல்ல வாயெடுத்தேன். முப்பத்தெட்டு வருடமாக அவள் எதைக் கேட்டாலும் உடனே பதில் சொல்லிப் பழகிய வாய்.

"தெரியல. எனக்கு பயமா இருக்கு" என்றேன்.

அவள் கம்பியை விட்டுவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"எனக்கு எட்டு மாசமா பயமா கீது" என்றாள்.