மகாராணி பார்க்காத அரங்கேற்றம்

ரொறன்ரோவில் விக்டோரியா மகாராணி காலத்துத் தியேட்டர் ஒன்றில் அரங்கேற்றம் வைப்பது எங்கள் ஆட்களுக்கு இப்போது கௌரவம். நாங்கள் குடியிருக்கும் ஸ்காபரோவின் மண்டபங்கள் போதவில்லை. சமூகப் பத்திரிகைக்குச் செய்தி எழுத நானும் போயிருந்தேன்.

அறிவிப்பாளர் கட்டடத்தின் வரலாற்றோடு தொடங்கினார். மகாராணியே மாடத்தில் அமர்ந்து நாடகம் பார்த்தாராம். மகாராணி கனடாவுக்கே வந்ததில்லை. ஆனாலும் சபை கைதட்டியது. மீதி உண்மை: நாடகம், குத்துச்சண்டை, ஊமைப்படம் எல்லாம் நடந்த மேடை அது. ஒருமுறை எரிந்து, திரும்பக் கட்டப்பட்டது. அதனால் உள்ளே நெருப்பு வைக்கக் கூடாது. இதையும் அவரே பெருமையாக வாசித்தார்.

அடுத்தது மங்கல விளக்கு. ஆடும் பெண்ணின் தகப்பன் திரிக்குப் பதிலாகப் பற்றரி விளக்குகளைப் பொருத்தியிருந்தார். பிரதம விருந்தினரான கோயில் தலைவர் குனிந்து பார்த்தார்.

“உதென்ன, கிறிஸ்மஸ் மரத்திலை கழட்டினதோ?”

“ஹோல்காரர் நெருப்புக்கு விடமாட்டினம், அண்ணை.”

“அவைக்கென்ன தெரியும்?”

சால்வைக்குள்ளிருந்து கற்பூரப் பெட்டி வந்தது. தட்டு நிறையக் கொளுத்தினார். அலாரம் அலறியது.

எல்லோரும் பனியில் நின்றோம். ஆட வேண்டிய பெண் தகப்பனின் ஜக்கெற்றைப் போர்த்து, சலங்கைக் காலை அவருடைய சப்பாத்துக்குள் விட்டிருந்தாள். தீயணைப்பு வண்டி வந்து போனது. மூடும் நேரம் மாறாது என்றாள் தியேட்டர் பொறுப்பாளர்.

பக்கத் திரையருகே தகப்பனும் மகளும் பேசியது எனக்குக் கேட்டது.

“ஸ்பீச்சுகளைக் கட் பண்ணுங்கோ, அப்பா.”

“ஏலாது பிள்ளை, கோவிப்பினம். கடைசியிலை வாற தில்லானாவை விடுவம்.”

“தில்லானாதான் என்ர பெஸ்ட். அப்ப இது ஆரின்ர அரங்கேற்றம்?”

அவர் கழுத்துப்பட்டியைச் சரிசெய்தார்.

மற்ற உருப்படிகளை அவள் அவசரமாக ஆடி முடித்தாள். பிறகு பேச்சுகள். ஒவ்வொருவரும் கலையை வளர்க்கச் சொன்னார், ஒவ்வொருவருக்கும் பொன்னாடை. கோயில் தலைவர் வாக்கியத்தின் நடுவில் இருக்கும்போதே நேரம் முடிந்து திரை இறங்கியது. சபை கீழ்த்தளத்தில் ரோல்ஸ் சாப்பிட வரிசை கட்டியது.

திரைக்குப் பின்னால் மிருதங்கக்காரர் இன்னும் உறை போடவில்லை. பாட்டுக்காரி தில்லானாவை எடுத்தார். அந்தப் பெண் ஆடினாள். விளக்கணைக்க வந்த பொறுப்பாளர் சுவிட்சில் கை வைத்தபடி நின்றுவிட்டாள். நான் முழுவதையும் பார்த்துவிட்டுக் கீழே இறங்கினேன்.

“மேலை என்ன சத்தம் கேட்டது?” என்றார் கோயில் தலைவர், வாயில் ரோல்ஸோடு.

“சாமான் ஏத்தின சத்தம், அண்ணை,” என்றார் தகப்பன்.