றெஜினா அக்கா இறங்கிய மைதானம்

உதைபந்து அணியில் என்னோடு விளையாடும் சகுந்தலா ரெலிபோனில் கூப்பிட்டபோது, நான் வேலை செய்யும் பாலர் பூங்காவில் பிள்ளைகளுக்குப் பனி உடுப்பு மாட்டிக்கொண்டிருந்தேன். வேலை நேரத்தில் அவள் கூப்பிடுவதில்லை. "றெஜினா அக்கா விடியப்புறம் எங்களை விட்டுப் போட்டா" என்றாள். ஒரு பிள்ளை ஒற்றைக் காலில் சப்பாத்தோடு என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றது. மற்றக் காலுக்கும் மாட்டி வெளியே அனுப்பிவிட்டுத்தான் அழுதேன்.

ஒஸ்லோவில் எங்கள் பெண்களுக்கென்று முதல் உதைபந்தாட்ட அணியைச் சேர்த்தவர் றெஜினா அக்கா. இன்று மகள்மாரைச் சீருடையோடு பயிற்சிக்கு அனுப்புகிற தாய்மார் பலருக்கு இது தெரியாது. அவரை அறிந்தவர்களுக்கு நான் புதிதாகச் சொல்ல அதிகமில்லை. மற்றவர்களும் அறியட்டும் என்றே எழுதுகிறேன்.

அவர் மன்னாரில் பிறந்தவர். கோயில் வளவில் அண்ணன்மார் விளையாடும்போது கோல் காக்க யாரும் விரும்பாததால் தங்கையைப் பிடித்து நிறுத்தினார்களாம். கிரிக்கெட்டிலும் விக்கெட்டுக்குப் பின்னால் அவர்தான். அகதியாக நோர்வே வந்து, வடக்கே மீன் தொழிற்சாலையில் வேலை செய்த காலத்தில், அங்கிருந்த நோர்வேஜியப் பெண்களின் அணியில் சேர்ந்துகொண்டார். "அங்கை ஒருத்தரும் ஏன் விளையாடுறாய் எண்டு கேக்கேல்லை. எந்த இடத்திலை நிப்பாய் எண்டுதான் கேட்டவையள்" என்று பெருமையாகச் சொல்வார்.

நான் கலியாணம் கட்டி வந்து, முதல் பிள்ளையும் பிறந்திருந்த காலம். ஒஸ்லோவின் புருசெத் பகுதியில் எங்கள் மாடிப் புளொக்குக்குப் பின்னாலிருந்த சரளை மைதானத்தைச் சுற்றிப் பிள்ளை வண்டிலைத் தள்ளிக்கொண்டு நடப்பேன். அங்கே ஒரு பெண் தனியே சுவரில் பந்தை அடித்து அடித்துப் பிடித்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டதும் நிறுத்தினார். வடக்கிலிருந்து ஒஸ்லோவுக்கு மாறி வந்திருந்த றெஜினா அக்காதான் அது.

"தங்கச்சி, ஓடுவீரோ?"

"ஓடினது பள்ளிக்கூடத்தோடை சரி அக்கா."

"அப்ப மறந்திருக்காது. வண்டிலைக் கரையிலை விடும், பிள்ளை நித்திரைதானே."

இப்படித்தான் ஒவ்வொருத்தியாகச் சேர்த்தார். ஆட்கள் சேர்ந்ததும், தமிழர் விளையாட்டு விழாவில் எங்களுக்கும் ஒரு ஆட்டம் வேண்டுமென்று கேட்கப் போனோம்.

"பொம்பிளையளுக்குச் சங்கீதக் கதிரையும் தேசிக்காய்க் கரண்டி ஓட்டமும் இருக்குத்தானே" என்றார் விழாக் குழுத் தலைவர். "விழுந்து கால் முறிஞ்சால் ஆர் பொறுப்பு?"

"குசினியிலை எண்ணெய் தெறிக்கேக்கை ஆர் பொறுப்பெண்டு நீங்கள் ஒருநாளும் கேக்கேல்லையே" என்றார் அக்கா.

எல்லோரும் சிரித்தார்கள். அனுமதி மட்டும் கிடைக்கவில்லை. விழா அன்று ஆண்கள் சோற்றுப் பார்சல் வாங்கப் போனதும் மைதானம் வெறுமையானது. அக்கா கையுறையை மாட்டிக்கொண்டு இறங்கினார். சுரிதாரும் சப்பாத்துமாக நாங்களும் இறங்கினோம். வெளியேறும்படி தலைவர் ஒலிவாங்கியில் அறிவித்தார். "கேக்காத மாதிரி விளையாடுங்கோ!" என்று கோல் கம்பங்களுக்கு நடுவிலிருந்து அக்கா கத்தினார். கேட்காத மாதிரியே விளையாடினோம். பார்சலைக் கையில் வைத்தபடி சனம் சுற்றிவரக் கூடிவிட்டது. அடுத்த வருடம் நிகழ்ச்சி நிரலில் எங்கள் ஆட்டமும் இருந்தது.

ஆனால் முதல் விழா அன்று யாரோ எடுத்த படம் யாழ்ப்பாணத்தில் சகுந்தலாவின் மாமியார் வீடுவரை போய்விட்டது. கணவர் பாலன் அவளை விளையாட விடாமல் மறித்துவிட்டார். அக்கா என்னையும் கூட்டிக்கொண்டு அவர்கள் வீட்டுக்குப் போனார். சண்டை வரப்போகிறது என்று பயந்தபடி இருந்தேன். அக்கா தேத்தண்ணியை ஆறுதலாகக் குடித்து முடித்தார்.

"தம்பி, நீங்கள் ஊரிலை நல்லா விளையாடினனீங்களாம். எங்களுக்கு நடுவர் ஒருத்தரும் இல்லை. சட்டம் தெரிஞ்ச ஆள் வேணும்."

"யோசிப்பம்" என்றார் பாலன்.

அடுத்த பயிற்சிக்கு விசிலோடு வந்தார். பின்னாலே சகுந்தலாவும் வந்தாள். அன்று அவர் கொடுத்த முதல் ஃபவுலே சொந்த மனைவிக்கு எதிராகத்தான்.

கிரிக்கெட்டும் அக்காவை விடவில்லை. ஒரு கோடையில் ஏக்கபெர்க் மைதானத்தில், அவருடைய கணவர் அன்ரன் அண்ணையின் அணிக்கு ஒரு ஆள் குறைந்தது. பார்க்க வந்திருந்த அக்கா இறங்கினார். எதிரணி பாகிஸ்தான் பெடியன்கள். கடைசி ஆளாகத் துடுப்போடு போனவருக்கு, மரியாதைக்காகப் பந்து வீச்சாளர் மெதுவாக உருட்டிவிட்டான். அக்கா அவனிடம் நடந்துபோய், "மற்ற ஆக்களுக்கு எறிஞ்ச மாதிரி எறி" என்று நோர்வேஜிய மொழியில் சொல்லிவிட்டுத் திரும்பினார். அவனும் எறிந்தான். பந்து பட்டு விரல் வீங்கியது. அக்கா நகரவில்லை. மறுமுனையில் நின்றவர் ஆட்டமிழந்து நாங்கள் தோற்றோம். அந்த விரல் பிறகு நேராகவேயில்லை. கலியாண மோதிரத்தை மற்றக் கைக்கு மாற்றிக்கொண்டார். ஆண்கள் அணியில் ஆள் குறைந்தபோதெல்லாம் அதன்பிறகு அவரைத்தான் கூப்பிட்டார்கள்.

போன இலையுதிர் காலத்தில், நோய் வருத்தம் முற்றியிருந்த நேரம், எல்லிங்ஸ்ருட் மைதானத்தில் எங்கள் பயிற்சியைப் பார்க்க வந்தார். அன்ரன் அண்ணையின் கையைப் பிடித்துக்கொண்டு கோட்டுக்கு வெளியே நின்றார். நாங்களும் ஐம்பதைத் தாண்டியவர்கள். அவரைப் பார்த்ததும் ஓடாமல் நின்றுவிட்டோம். "வருத்தக்காரி நான். உங்களுக்கு என்ன வந்தது? ஓடுங்கோ!" என்றார். குரல் முன்போல் எட்டவில்லை. ஆனாலும் எங்கள் எல்லோருக்கும் கேட்டது.

அவரிடமிருந்து நான் வைத்துக்கொள்வது ஒன்றுண்டு. தொடக்க காலத்தில் ஒருநாள் சரளையில் முகம் குப்புற விழுந்தேன். எழும்பியதும் கரையில் நின்றவர்களைத்தான் முதலில் பார்த்தேன். "அவையை என்னத்துக்குப் பாக்கிறீர்? பந்தைப் பாரும்!" என்று அக்கா கத்தினார். பின்னர் வேலையிடத்தில் மொழி தடுமாறிச் சிரிப்புக்கு ஆளான நாட்களிலும் அந்தச் சத்தம்தான் என்னை நிமிர்த்தியது.

அடக்கத்தன்று அக்காவின் பெட்டியை நாங்களே தூக்குவதாகச் சொன்னோம். பொம்பிளையள் தூக்கிறதோ என்று தேவாலய வாசலில் முணுமுணுப்பு எழுந்தது. "தூக்கட்டும்" என்றார் அன்ரன் அண்ணை. கல்லறைகளுக்கு நடுவே சேமக்காலைப் பாதை பனி இறுகி வழுக்கியது. ஒரு வளைவில் என் கால் சறுக்கி முழங்கால் நிலத்தில் இடித்தது. பின்னால் சனம் "ஐயோ" என்றது. நான் திரும்பிப் பார்க்கவில்லை. கைப்பிடியை இறுக்கிக்கொண்டு எழுந்தேன். முன்னால் சகுந்தலா அடுத்த அடியை வைத்தாள், நானும் வைத்தேன்.