எழுநூறு படிக் கோட்டையில் ஒரு லிஃப்ட்

புதுச்சேரியிலிருந்து காலாப்பட்டுக்கு ஆபீஸ் போகும் பஸ்ஸில், நானும் என் நண்பனும் இருபது வருஷமாக ஒரு கோட்டை கட்டிவந்தோம். எல்லாம் வாயாலேயேதான். மேகத்தில் அஸ்திவாரம், எழுநூறு படி, டிராகனுக்குத் தனிக் கொட்டகை. ஒரு நாள் அவன் ஓர் அறை சேர்ப்பான், மறுநாள் நான். எதையாவது இடிப்பதானால் இருவரும் சம்மதிக்க வேண்டும். அது ஒன்றுதான் சட்டம். உச்சியில் இருந்த அறை என்னுடையது. ஆபீஸில் எனக்குக் கக்கூஸ் கதவோரம் ஒரு மேசை. கோட்டையிலோ நான் சக்கரவர்த்தி. ஜன்னலைத் திறந்தால் நிலா கைக்கு எட்டும்.

போன ஞாயிற்றுக்கிழமை அவன் வீட்டுக்குப் போனேன். கோட்டையை வரைந்து, ஃப்ரேம் போட்டு ஹாலில் மாட்டியிருந்தான். மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு உச்சியைப் பார்த்தேன்.

“என் ரூம் எங்கடா?”

“அத எடுத்துட்டு லிஃப்ட் மோட்டார் வச்சிருக்கேன். மூட்டு வலிடா, எழுநூறு படி யாரு ஏறுறது?”

“எங்கிட்ட ஒரு வார்த்த கேக்கலியே.”

“கேட்டா வேணாம்ப. கீழ பாரு, உனக்கு வாட்ச்மேன் ரூம் குடுத்திருக்கேன். ஃபேன்லாம் இருக்கு.”

அவன் மனைவி சிரித்தார். எல்லோரையும் சிரிக்கவைக்கிறவன் என்று பேர் எடுத்துவிட்டதால் நானும் சிரித்துவைத்தேன். காபியைப் பாதியில் வைத்துவிட்டுக் கிளம்பினேன்.

மறுநாள் பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்து, “இன்னிக்கு உன் மொற” என்றான்.

“கோட்டையில கரண்ட் போயிடுச்சு. லிஃப்ட் ஓடாது” என்றேன்.

“எப்படா வரும்?”

“வாட்ச்மேனுக்கு எப்படிடா தெரியும்?”